தவணைக்குச் சம்மதம் சொல்லும் முன்

கடன் வழக்கில் மாதாமாதம் இவ்வளவு கட்டு என்று நீதிமன்றம் தவணை போட்டுத் தந்துவிட்டால் கண்டம் கழிந்தது என்றுதான் எங்கள் பக்கத்தில் எல்லோரும் சொல்வார்கள். எனக்கும் அப்படித்தான் சொன்னார்கள், நானும் நம்பி நிம்மதியாகப் படுத்தேன். ஒரு வருடம் அளவிலேயே பிஸ்கால், அதாவது தீர்ப்பை நிறைவேற்றப் பொருட்களைக் கைப்பற்ற நீதிமன்றம் அனுப்புகிற உத்தியோகத்தர், என் வீட்டுக்கு வந்தார். கட்ட வேண்டிய கடனுக்கு மேலாக ஒன்றே முக்கால் இலட்சம் ரூபாய் வரையில் எனக்குப் போனது, அவ்வளவும் சில சின்னச் சின்ன நடைமுறைகளை யாரும் சொல்லித் தராததால் போன காசு. நான் சட்டத்தரணி இல்லை, அலுமினியம் கதவு யன்னல் செய்து பூட்டுகிற பட்டறைக்காரன். உங்கள் வழக்கைப் பற்றி உங்கள் லோயரிடம்தான் கேட்க வேண்டும், ஆனால் அவரிடம் என்னென்ன கேட்க வேண்டும் என்பதாவது இதை வாசித்தால் பிடிபடும் என்று நினைக்கிறேன்.

பட்டறை யாழ்ப்பாணத்தில், கொக்குவிலில். சாமான் எல்லாம் டவுனில் ஒரு மொத்தக் கடையில் கடனுக்கு எடுப்பது, வேலை முடிந்து காசு வந்ததும் கட்டுவது, இப்படித்தான் பல வருடம் ஓடியது. 2022 மார்ச்சில் இலங்கை ரூபாயின் பெறுமதியைச் சந்தையே தீர்மானிக்கட்டும் என்று மிதக்க விட்டார்கள். 200 ரூபாய் சொச்சத்தில் நின்ற டொலர் இரண்டொரு மாதத்துக்குள் 360 வரை போனது. நான் பழைய விலைக்குப் பேசி முற்பணமும் வாங்கிவிட்ட வீடுகளுக்குப் புது விலையில் அலுமினியமும் கண்ணாடியும் எடுக்க வேண்டியதாயிற்று, மற்றப் பக்கம் வெளிநாட்டில் இருந்து வீடு கட்டுவித்தவர்கள் நிலைமை தெளியட்டும் என்று வேலையை நிறுத்தினார்கள். பெற்றோல் வரிசையில் நின்ற நாட்களைப் பற்றி எழுதினால் அது தனிக் கதை. 2023இல் கடைக்காரர் கணக்குப் பார்த்து 14,60,000 ரூபாய் என்றார். அதில் கொஞ்சம் வட்டியும் ஏற்றியிருந்தார், அதைத்தான் நான் ஒத்துக்கொள்ளவில்லை. மிச்சம் கொடுக்க வேண்டிய காசுதான், இல்லை என்று நான் ஒருநாளும் சொன்னதில்லை.

முதலில் பதிவுத் தபாலில் கோரிக்கைக் கடிதம் வந்தது, பிறகு அழைப்பாணை. அழைப்பாணையைக் கையில் வாங்காதே, வீட்டில் இல்லை என்று சொல்லச் சொல், இரண்டு மூன்று தரம் வந்துவிட்டுப் போய்விடுவார்கள் என்று அறிவுரை சொன்னவர்கள் ஊரில் கணக்கில்லை. அப்படிப் போய்விட மாட்டார்கள். நேரில் கொடுக்க முடியவில்லை என்று அறிக்கை போனால், அதை வீட்டில் ஒட்டிவிட்டு வரும்படி நீதிமன்றம் கட்டளையிடலாம். ஒட்டினால் கையில் தந்ததற்குச் சரி. ஒழுங்கையில் போகிற வருகிற எல்லோரும் நின்று வாசிப்பது அதோடு சேர்ந்த இலவசம். நீங்கள் போகாவிட்டால் வழக்கு ஒருதலைப்பட்சமாக விளங்கப்பட்டு, கேட்ட முழுத் தொகைக்கும் தீர்ப்பாணை போய்விடும். எனக்குத் தெரிந்த ஒரு சைக்கிள் கடைக்காரருக்கு இதுதான் நடந்தது. ஒருதலைத் தீர்ப்பாணை கையில் தரப்பட்டு 14 நாளுக்குள் போய், வராததற்கு நியாயமான காரணம் காட்டினால் அதை நீக்கச் சொல்லிக் கேட்கலாம். அவர் அந்தக் கடதாசியையும் சாமி அறையில் வைத்துவிட்டுச் சும்மா இருந்தார்.

அவர் இழந்தது வழக்கை மட்டுமில்லை, தவணை கேட்கிற வாய்ப்பையும்தான். எங்கள் நாட்டில் குடியியல் வழக்குகள் இன்றும் 1889ஆம் ஆண்டுச் சட்டக்கோவையின்படிதான் நடக்கின்றன, அதில் 194ஆம் பிரிவு தவணையைப் பற்றியது. காசுக் கடனுக்குத் தீர்ப்பாணை போடும்போது, அதைத் தவணையாகக் கட்டும்படி நீதிபதி கட்டளையிடலாம், வட்டியோடும் போடலாம், வட்டி இல்லாமலும் போடலாம், பிணை வைக்கச் சொல்லியும் போடலாம். ஆனால் தீர்ப்பாணை வந்து முடிந்த பிறகு தவணை வேண்டும் என்று நீங்கள் கேட்டால், கடன் கொடுத்தவர் சம்மதித்தால்தான் உண்டு. அதாவது உங்கள் பக்கத்தில் கொஞ்சமாவது பலம் இருப்பது தீர்ப்பாணைக்கு முன்னால்தான். பிறகு போய் அழுதாலும் நீதிபதிக்கு மனம் இருக்கலாம், கை கட்டப்பட்டிருக்கும். இன்னொன்று, காணியையோ வேறு பொருளையோ ஈடு வைத்து எடுத்த கடனுக்கு இந்தப் பிரிவு பொருந்தாது. வங்கிக்குக் காணி ஈடு வைத்தவர்களுக்குப் பல வேளைகளில் வழக்கே வராது, 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி வங்கியின் பணிப்பாளர் சபை தீர்மானம் போட்டு நேரே ஏலத்துக்குப் போகலாம். பராட்டே என்று பத்திரிகையில் வருவது அதுதான். என்னைப் பார்த்துவிட்டு அயலில் ஒருவர் தானும் கோட்டில் தவணை கேட்கலாம் என்று வங்கிக் கடிதங்களைக் கவனிக்காமல் இருந்தார், நல்ல காலம் இடையில் எங்களுக்குள் இதைப் பற்றிப் பேச்சு வந்தது.

என்னுடைய வழக்குக்கு நான் ஒழுங்காகவே போனேன். 2024 ஜனவரியில், விளக்கத்துக்கு, அதாவது வழக்கு விசாரணைக்கு, நியமித்த நாளில், இரண்டு பக்கத்துச் சட்டத்தரணிகளும் விறாந்தையில் நின்று பேசி, வட்டியை விட்டுவிட்டு 12 இலட்சத்துக்கு முடிப்பது, மாதம் 40,000 வீதம் ஒவ்வொரு மாதமும் 10ஆம் திகதிக்கு முன் கட்டுவது என்று இணங்கினார்கள். என்னிடம் கேட்டபோது நான் கணக்குப் போட்டேன், முப்பது மாதம், முடியும் போலத்தான் இருந்தது. உண்மையைச் சொன்னால் அந்த நேரத்தில் எனக்கு எப்படியாவது அந்த இடத்தை விட்டுப் போக வேண்டும் என்றுதான் இருந்தது. விறாந்தை முழுக்கத் தெரிந்த முகங்கள், என் பிள்ளையின் பள்ளிக்கூட ஆசிரியர் ஒருவர் காணி வழக்குக்கு வந்து நிற்கிறார், அவர் என்னைப் பார்த்துத் தலையாட்ட நான் சுவரைப் பார்க்க, இப்படி இருக்கும்போது யார் எந்த நிபந்தனையை நிறுத்தி வாசிக்கப் போகிறார்கள். உள்ளே கூப்பிட்டார்கள், நீதிபதி இரு தரப்புக்கும் சம்மதமா என்று கேட்டார், ஓம் என்றோம், வழக்கேட்டில் கையொப்பம் வாங்கினார்கள். எல்லாம் சேர்த்துத் தேநீர் குடிக்கிற நேரம்கூட இல்லை.

அந்தச் சின்ன நேரத்தில் ஒத்துக்கொண்டதுதான் அடுத்த வருடங்களை முடிவு செய்கிறது. 12 இலட்சம், 40,000 என்ற எண்கள்தான் எல்லோருக்கும் ஞாபகத்தில் நிற்கும், எனக்கும் நின்றது. அந்த எண்களுக்குக் கீழே இரண்டு வரி இருந்தது. ஏதேனும் ஒரு தவணை தவறினால் இந்த இணக்கத் தொகை இல்லாமல் போய், முதலில் கேட்ட 14,60,000 ரூபாயும் வழக்குப் போட்ட நாளிலிருந்து சட்டவட்டியும் உடனே கட்ட வேண்டும், அதற்கு மேலும் அறிவித்தல் தராமலே நிறைவேற்று எழுத்தாணை, அதாவது பொருளைக் கைப்பற்றிக் கடனை அறவிடச் சொல்லும் கட்டளை, எடுக்கலாம். பொதுவாக எல்லா இணக்கத்திலும் இப்படி ஒரு வரி போடுவார்களாம். போடட்டும், ஆனால் அதன் பல்லைக் கொஞ்சம் மழுக்கக் கேட்கலாம் என்று எனக்குத் தெரியாது. ஒரு தவணை என்பதற்குப் பதிலாகத் தொடர்ந்து இரண்டு தவணை தவறினால் என்று கேட்கலாம். தவறினால் எழுத்து மூலம் அறிவித்து இரண்டு கிழமை அவகாசம் தர வேண்டும் என்று கேட்கலாம். 10ஆம் திகதி போயாவிலோ விடுமுறையிலோ விழுந்தால் அடுத்த வேலை நாள் என்று ஒரு சொல் சேர்க்கச் சொல்லலாம். கையில் வசதி வரும்போது கூடுதலாகக் கட்டினால் அதை அடுத்த தவணைக்குக் கழிப்பதா கடைசித் தவணையில் கழிப்பதா என்பதையும் எழுதுவித்துவிட வேண்டும், ஏனென்றால் இது பிறகு பெரிய வாக்குவாதமாகும். மற்றப் பக்கம் எல்லாவற்றுக்கும் ஒத்துக்கொள்ளும் என்று இல்லை. ஆனால் அவர்களுக்கும் விளக்கம் வைத்து வருடக்கணக்கில் இழுபட விருப்பம் இல்லை, அந்த நாளில் உங்கள் ஓம் அவர்களுக்கும் வேண்டும்.

எல்லா மாதத்துக்கும் ஒரே தொகை என்பதும் ஒரு பொறி. அரச உத்தியோகத்தர் என்றால் சரி, சம்பளம் மாதாமாதம் ஒன்று. என் தொழில் அப்படியில்லை. ஆடி, ஆவணியில் நல்லூர்த் திருவிழாவோடு வெளிநாட்டுக்காரர் வந்து இறங்குவார்கள், அவர்கள் நிற்கும்போதே வேலையை முடித்துக் காசையும் தந்துவிட்டுப் போவார்கள். ஆவணியில் புது வீட்டுக்குக் குடிபூரல் என்றால் ஒரு மாதத்துக்கு முன்னரே யன்னல் பூட்டி முடிய வேண்டும், அந்த நேரம் எனக்கு இரவு பகல் தெரியாது. புரட்டாதிக்குப் பிறகு குறையும். கார்த்திகை, மார்கழி மாரி மழையில் மேசன் வேலையே நின்றுவிடும், மேசன் நின்றால் நான் எங்கே போய்ப் பூட்டுவது. மார்கழியில் குடிபூரலும் இல்லை. இதெல்லாம் யாழ்ப்பாணத்தில் எந்தச் சின்னப்பிள்ளைக்கும் தெரிந்த விசயம், ஆனால் கோட்டில் யாரும் கேட்கவில்லை, நீங்கள்தான் வாய் திறந்து சொல்ல வேண்டும். தவணை சமமாகத்தான் இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. தோட்டக்காரர் என்றால் வெங்காயம், புகையிலை விற்கிற மாதத்தைச் சொல்லுங்கள், கடற்றொழில் என்றால் உங்கள் கடல் எப்போது கொடுக்கும் என்று உங்களுக்குத்தான் தெரியும். போன வருடக் கொப்பியை எடுத்துக்கொண்டு போய் லோயருக்கு முன்னால் விரித்துவிடுவது இன்னும் நல்லது.

பெப்ரவரியில் கட்டத் தொடங்கினேன். எங்கே கட்டுவது என்பதில்தான் அடுத்த அடி. முதல் தவணைக்குக் கோட்டுக்குப் போகப் புறப்பட்டபோது கடைக் கணக்கப்பிள்ளை தொலைபேசியில், "தம்பி, ஏன் அங்க போய் மினக்கெடுறீர், முதலாளிக்கும் காசு கெதியா வேணும், இங்கயே கொண்டுவந்து தாருமன்" என்றார். பல வருடப் பழக்கம், அவர் கெட்ட மனிதரும் இல்லை. பெப்ரவரி, மார்ச், ஏப்ரல் மூன்றும் கடையில் கட்டினேன். இரண்டு முறை கடைப் பற்றுச்சீட்டு எழுதித் தந்தார்கள், ஒரு முறை புத்தகம் முடிந்துவிட்டது என்று ஒரு துண்டுக் கடதாசியில் தொகையை மட்டும் எழுதித் தந்தார்கள், கையொப்பமும் இல்லை திகதியும் இல்லை. மே மாதத்திலிருந்து என் லோயர் சொல்லி நீதிமன்றத்தில் கட்டினேன். நீதிமன்றத்தில் கட்டுவது மினக்கெட்ட வேலைதான், வழக்கிலக்கத்தைச் சொல்லிப் பணம் வைப்பிலிடுவதற்கான படிவம் எடுத்து, அவர்கள் சொல்கிற இடத்தில் கட்டி, பற்றுச்சீட்டைத் திரும்பக் கொண்டுவந்து வழக்குக் கோவையில் சேர்ப்பிக்க வேண்டும். அரை நாள் பட்டறை பூட்டு. ஆனாலும் அதைத்தான் செய்ய வேண்டும், ஏன் என்றால் சட்டக்கோவையின் 349ஆம் பிரிவு. தீர்ப்பாணைக் காசை வெளியே நேரடியாகக் கொடுத்தால், வாங்கியவர் அதை நீதிமன்றத்துக்கு அத்தாட்சிப்படுத்த வேண்டும். அவர் செய்யாவிட்டால் கட்டியவரே மனுப் போட்டு அறிவித்து, ஏன் இதைப் பதியக்கூடாது என்று அவரைக் கேட்கும்படி நீதிமன்றத்திடம் கேட்கலாம். அப்படிப் பதியப்படாத காசை எந்த நீதிமன்றமும் கட்டியதாக ஏற்காது. வழக்குக் கோவையைப் பொறுத்தவரை என் பெப்ரவரி, மார்ச், ஏப்ரல் மூன்றும் கட்டாத மாதங்கள். எனக்கு இது தெரியவந்தது பிஸ்கால் வந்த பிறகு.

நேரில்தான் கட்ட வேண்டிய நிலை என்றால், கடன் கொடுத்தவரின் வங்கிக் கணக்கை இணக்கத்திலேயே எழுதுவித்து, அந்தக் கணக்குக்கு மட்டும் போடுங்கள், வழக்கிலக்கத்தைக் குறிப்பில் போடுங்கள். பிறகு அடுத்த தரம் வழக்குக் கூப்பிடும் நாளில் உங்கள் சட்டத்தரணி அதை நீதிமன்றத்துக்குச் சொல்லிப் பதிவு செய்விக்க வேண்டும். அவர் மறந்துவிடுவார், அவருக்கு நூறு வழக்கு. நீங்கள் ஞாபகப்படுத்த வேண்டும், வெட்கப்படாமல்.

2024 நவம்பர் கடைசியில் பெய்த மழை யாழ்ப்பாணத்தில் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். பட்டறைக்குள் முழங்கால் அளவு தண்ணீர். வெட்டி வைத்திருந்த அலுமினிய செக்ஷன் தப்பியது, மெஷின் மோட்டர் இரண்டும் போய்விட்டன, அதோடு கையில் இருந்த வேலைகள் எல்லாம் தைக்குப் பிறகு என்று தள்ளிப்போயின. டிசம்பர் தவணைக்கு என்னிடம் 20,000 தான் இருந்தது. அதைக் கோட்டில் கட்டிவிட்டு, மிச்சத்தை ஜனவரியில் சேர்த்துக் கட்டுகிறேன் என்று கணக்கப்பிள்ளைக்குச் சொன்னேன், ஓம் பார்ப்பம் என்றார். அந்த ஓம் பார்ப்பம் எந்தக் கோவையிலும் இல்லை. ஜனவரியில் எழுத்தாணைக்கு விண்ணப்பம் போட்டார்கள். இங்கே கணக்கைப் பாருங்கள்: என் மனக்கணக்கில் நான் கட்டியது 4,20,000, மிச்சம் 7,80,000. அவர்களின் விண்ணப்பத்தில் மொத்தம் 14,60,000, கோவையில் உள்ளபடி கட்டியது 3,00,000, மிச்சம் 11,60,000, அதற்கு மேல் சட்டவட்டி. ஒரு 20,000 ரூபாய் குறைந்ததற்கு 3,80,000 ஏறியிருந்தது. அன்றைக்கு இரவு நான் மனைவிக்குச் சொல்லவில்லை. ரொறன்ரோவில் இருக்கிற தம்பிக்குச் சொல்ல எடுத்து, அவன் குரல் கேட்டதும் மழையைப் பற்றிக் கதைத்துவிட்டு வைத்துவிட்டேன். கடன்பட்டவன் அடிக்கடி இப்படித்தான் செய்வான், காசை விட இந்த ஒளிப்புத்தான் ஆளைத் தின்னும்.

பிஸ்கால் வந்தது மரியாதையாகத்தான். அவர் தன் கடமையைச் செய்தார், சத்தம் போடவில்லை. கடன் கொடுத்தவர் பக்கம் காட்டுகிற பொருளைத்தான் அவர் கைப்பற்றுவார், எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டு போகலாம் என்று இல்லை. சட்டக்கோவையின் 218ஆம் பிரிவில் தொட முடியாதவை என்று ஒரு பட்டியல் இருக்கிறது, உடுபுடவை, படுக்கை, தொழில் செய்கிற கருவிகள் இப்படி. அவர்கள் காட்டிய மூன்று: என் வான், வெட்டுகிற மெஷின், நாங்கள் இருக்கிற வளவும் வீடும். மெஷின் என் பிழைப்புக்கான கருவி என்று அந்த இடத்திலேயே சொல்லி, அதை அவர் அறிக்கையில் எழுதச் சொன்னேன். இதை அங்கேயே சொல்வது முக்கியம், அமைதியாகச் சொல்லுங்கள், பிறகு சட்டத்தரணி பார்த்துக்கொள்வார். வான் போயிற்று.

வீடுதான் பெரிய அடி. மாமி அழத் தொடங்கிவிட்டார், ஏனென்றால் அது அவர் மகளுக்குக் கொடுத்த சீதனம். அந்த அழுகைக்குள்தான் விடையும் இருந்தது. எங்கள் கலியாணத்தின்போது சீதன உறுதி எழுதி மனைவி பெயரில் தந்த வளவு அது. யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காற்றுச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்ட எங்களுக்கு 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாணத் திருமண உரிமைகள், வழியுரிமைச் சட்டம் இருக்கிறது. அதன்படி மனைவியின் தனி ஆதனம் புருசனின் கடனுக்குப் பொறுப்பில்லை, அந்த ஆதனத்தின் பராமரிப்புக்கோ திருத்தத்துக்கோ பட்ட கடன் என்றால்தான் வேறு. என் கடன் பட்டறைச் சாமானுக்குப் பட்டது. குடியியல் சட்டக்கோவையின் 241ஆம் பிரிவின் கீழ் மனைவி தன் பெயரில் உரிமைக் கோரிக்கை போட்டார், உறுதியையும் கொடுத்தோம், விசாரித்துக் கைப்பற்றலில் இருந்து வீட்டை விடுவித்தார்கள். ஒரு விசயம், கலியாணத்துக்குப் பிறகு உழைத்து வாங்கியது தேடிய தேட்டம், அதற்கு இந்தப் பாதுகாப்பு இப்படியே கிடைக்காது. உங்கள் வீட்டு உறுதி எந்தப் பெட்டியில் இருக்கிறது, அதில் யார் பெயர், சீதனமா வாங்கினதா என்பதைப் பிஸ்கால் வரும் முன் எடுத்து வாசித்து வையுங்கள். கடனுக்குப் பயந்து இப்போது அவசரமாக மனைவிக்கோ பிள்ளைக்கோ மாற்றி எழுதினால் அது வேறு சிக்கல், கடன் கொடுத்தவரை ஏமாற்ற எழுதியது என்று அந்த உறுதியையே தள்ளக் கேட்பார்கள்.

வீடு கைவிட்டுப் போகாது என்றதும் மற்றப் பக்கமும் கொஞ்சம் இறங்கிப் பேசத் தொடங்கியது. பழைய வானை விற்று எவ்வளவு வரப்போகிறது. என்னுடைய புது லோயர் அம்மா, வயது குறைந்தவர்தான், ஆனால் முதல் நாளே என்னிடம் கடைசி இரண்டு வருட வருமானக் கொப்பியையும் வங்கிக் கூற்றையும் கேட்டார். அதை வைத்துக்கொண்டு கதைத்தார். பழைய 12 இலட்சத்துக்கே திரும்புவது, அவர்களின் செலவுக்கு 75,000 சேர்ப்பது, கடையில் கட்டியதில் பற்றுச்சீட்டு உள்ள இரண்டு மாதத்தை அவர்கள் அத்தாட்சிப்படுத்துவது என்று முடிந்தது. துண்டுக் கடதாசி மாதத்துக்குரிய 40,000 போனதுதான். கணக்கப்பிள்ளை தலையைக் குனிந்துகொண்டு ஞாபகம் இல்லை என்றார், அவர் வேலையும் அவருக்கு வேண்டும். மிச்சம் 8,95,000 என்று வழக்கேட்டில் எழுதியாயிற்று. அந்த 40,000, 75,000, அதோடு என் பழைய லோயர், புது லோயர் இரண்டு பேருடைய கூலி 60,000 சொச்சம், இதுதான் நான் தொடக்கத்தில் சொன்ன ஒன்றே முக்கால் இலட்சம். பட்டறை பூட்டிக் கிடந்த நாட்களை நான் சேர்க்கவில்லை.

புது ஒழுங்கு இப்படி: ஜூலை, ஓகஸ்ட், செப்டெம்பர் மாதங்களுக்கு 60,000, நவம்பர், டிசம்பர், ஜனவரிக்கு 15,000, மற்ற மாதங்களுக்கு 35,000. திகதி 20, ஏனென்றால் எனக்கு வேலை தருகிற ஆட்களுக்கு மாதத் தொடக்கத்தில்தான் காசு வரும், அது என் கைக்கு வர 15 ஆகும். இரண்டு தவணை தொடர்ந்து தவறினால்தான் எழுத்தாணை, அதுவும் முன்னறிவித்தலோடு. வானைத் தந்தார்கள், ஆனால் கடன் முடியும் வரை விற்கக்கூடாது. 2025 ஏப்ரலில் தொடங்கியது. அந்த நவம்பரில் டித்வா புயல் வந்து நாடே தண்ணீரில் நின்றபோதும் 15,000 என்பதால் கட்ட முடிந்தது. பழைய 40,000 ஆக இருந்திருந்தால் மறுபடியும் பிஸ்கால்தான்.

தொகை சின்னது என்றால் கோட்டு வரை போக முன்னரே மத்தியஸ்த சபை இருக்கிறது, 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி அமைத்தது. குறிப்பிட்ட தொகைக்குக் குறைந்த பிணக்கு முதலில் அங்கேதான் போக வேண்டும், அங்கே லோயர் கூலி இல்லை, தவணைக்கு இணங்குவதும் சுலபம். அந்தக் கூட்டத்தை ஏதோ சடங்கு என்று நினைத்துப் போகாமல் விடுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சல் வருகிறது. வழக்கு வந்து சட்டத்தரணிக்குக் காசில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகம் யாழ்ப்பாணத்திலும் இருக்கிறது, வருமானம் பார்த்துத்தான் எடுப்பார்கள், கிராம அலுவலரிடம் வருமானத்துக்கு ஒரு கடிதம் வாங்கிக்கொண்டு போங்கள். யாரிடம் போனாலும் இணக்கம் பதிந்த நாளின் வழக்கேட்டுப் பிரதியை அத்தாட்சிப்படுத்தி எடுத்து வீட்டில் வையுங்கள். எனக்கு முதல் தரம் அந்தப் பிரதி கையில் இருந்திருந்தால் டிசம்பரில் யாரிடமாவது கைமாற்று வாங்கிக் கட்டியிருப்பேன்.

கட்டி முடிகிறவர்கள் இன்னொன்றையும் பாருங்கள். காசு முடிந்ததும் தீர்ப்பாணை நிறைவேறிவிட்டது என்று நீதிமன்றத்தில் பதிவிக்க வேண்டும், அது தானாக நடக்காது. அசையாச் சொத்தைக் கைப்பற்றியிருந்தால் அந்த அறிவித்தல் காணிப் பதிவகத்தில் அந்தக் காணியின் பதிவில் ஏறியிருக்கும். கோட்டு விடுவித்தாலும் அங்கே அது அப்படியே கிடக்கும். மனைவியின் வளவு விடுவிக்கப்பட்டுப் பல மாதம் கழித்து, மச்சாளுக்கு ஒரு துண்டு பிரித்து எழுத நொத்தாரிசு தேடுதல் செய்தபோதுதான் எங்களுக்குத் தெரிந்தது. விடுவித்த கட்டளையின் அத்தாட்சிப் பிரதியைக் கொண்டுபோய்க் கொடுத்து அதையும் பதிவிக்க வேண்டியிருந்தது, பிரதி எடுக்க ஒரு அலைச்சல், பதிய ஒரு அலைச்சல். விடுவித்த அன்றைக்கே இரண்டு பிரதிக்கு விண்ணப்பம் கொடுத்துவிடுங்கள், ஒன்று பதிவகத்துக்கு, ஒன்று உறுதியோடு வைக்க.